சீருடையைக் கழற்றிய ஜெனரல்: எல்வுட் கெசாடா குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்கச் சிவில் விமானப் போக்குவரத்தைக் கண்காணிக்கும் எஃப்.ஏ.ஏ. அமைப்பின் முதல் தலைவர் ஒரு விமானப்படை ஜெனரல். அந்தப் பதவிக்கு வருகிறவர் சிவிலியனாக இருக்க வேண்டும் என்று சட்டம் சொன்னதால், வாழ்நாளின் பெரும்பகுதியில் சுமந்த ராணுவப் பதவியை அவர் ராஜினாமா செய்துவிட்டு வந்தார். அவரைப் பற்றியும், அவருக்குப் பின் அதே நாற்காலிக்கு வந்த ஜெனரல்களைப் பற்றியும் வாசகர்கள் கேட்கக்கூடிய கேள்விகளுக்குப் பதில்கள் இவை.

யார் இந்த எல்வுட் கெசாடா?

1904இல் வாஷிங்டன் நகரில் பிறந்தவர். தந்தை ஸ்பெயின் நாட்டவர். நண்பர்கள் 'பீட்' என்று அழைப்பார்கள். 1920களின் நடுவில், விமானப்படை என்று தனியாக ஒன்று இல்லாமல் அது தரைப்படையின் ஒரு கிளையாக இருந்த நாட்களில் விமானம் ஓட்டப் பழகினார். 1929 ஜனவரியில், வானிலேயே எரிபொருள் நிரப்பிக்கொண்டு 150 மணி நேரத்துக்கும் மேல் தரையிறங்காமல் பறந்த 'கேள்விக்குறி' என்ற விமானத்தின் குழுவில் இவரும் ஒருவர். பின்னாளில் பெரிய தளபதிகளான கார்ல் ஸ்பாட்ஸும் ஐரா ஈக்கரும் அதே விமானத்தில் இருந்தார்கள்.

இரண்டாம் உலகப் போரில் வட ஆப்பிரிக்காவிலும், பிறகு நார்மண்டியிலும் போர் விமானப் படைகளுக்குத் தலைமை தாங்கினார். 1946இல் உருவான தந்திரோபாய (டாக்டிகல்) விமானப்படைத் தலைமையகத்துக்கு முதல் தளபதி. இரண்டே ஆண்டுகளில் அந்தத் தலைமையகத்தின் அதிகாரத்தைக் குறைத்து இன்னொன்றுக்குக் கீழே வைத்தார்கள். அணுகுண்டு ஏந்திய நெடுந்தூர விமானங்கள்தான் எல்லாம் என்று நினைத்த காலம் அது. தரைப்படைக்குத் துணை நிற்கும் சிறு விமானங்களின் ஆள் இவர். 1951இல், 47 வயதில், லெப்டினன்ட் ஜெனரலாக ஓய்வு பெற்றார். பிறகு லாக்ஹீட் நிறுவனத்தில் ஏவுகணைப் பிரிவைக் கவனித்தார். இந்த லாக்ஹீட் தொடர்பு பின்னால் அவரைத் துரத்தி வரும்.

எஃப்.ஏ.ஏ. என்ற அமைப்பு ஏன் தேவைப்பட்டது?

சுருக்கமாகச் சொன்னால், விமானங்கள் வானில் ஒன்றோடொன்று மோதிக்கொண்டிருந்தன.

1956 ஜூன் 30 காலை, லாஸ் ஏஞ்சலீஸிலிருந்து மூன்று நிமிட இடைவெளியில் இரண்டு விமானங்கள் கிளம்பின. டி.டபிள்யூ.ஏ. நிறுவனத்தின் சூப்பர் கான்ஸ்டலேஷன் கேன்சஸ் சிட்டிக்கு, யுனைடெட் நிறுவனத்தின் டிசி-7 சிகாகோவுக்கு. ஒன்றரை மணி நேரம் கழித்து, கிராண்ட் கேன்யனுக்கு மேலே, 21,000 அடி உயரத்தில் இரண்டும் மோதின. 128 பேர் இறந்தார்கள், ஒருவரும் பிழைக்கவில்லை. இரண்டு விமானங்களும் ஒரே உயரத்தில் வருகின்றன என்பது தரையில் இருந்த கட்டுப்பாட்டாளர் ஒருவருக்குத் தெரிந்தே இருந்தது. ஆனால் அவை பறந்தது கட்டுப்பாட்டுக்கு வெளியே இருந்த வான்வெளி. அங்கே எச்சரிக்கும் கடமை அவருக்கு இல்லை. விமானிகள் கண்ணால் பார்த்து விலகிக்கொள்ள வேண்டும் என்பதுதான் விதி. மணிக்கு ஐந்நூறு கிலோமீட்டருக்கு நெருக்கமான வேகத்தில், மேகங்களுக்கு நடுவில், கண்ணால் பார்த்து விலகுவது!

அது பயணிகள் விமானம் இரண்டின் மோதல். அடுத்து வந்தவை ராணுவத்தை நேரடியாக இழுத்துவிட்டன. 1958 ஏப்ரல் 21 அன்று லாஸ் வேகாஸ் அருகே, நெல்லிஸ் தளத்திலிருந்து பயிற்சிக்குக் கிளம்பிய எஃப்-100 போர் விமானம் யுனைடெட் டிசி-7 ஒன்றில் மோதியது. 49 பேர் இறந்தார்கள். பயணிகள் விமானம் அதற்கென ஒதுக்கப்பட்ட வான்வழியில் ஒழுங்காகத்தான் சென்றுகொண்டிருந்தது. சிவில் கட்டுப்பாட்டாளர்களுக்குப் போர் விமானம் வருவது தெரியாது. ராணுவக் கட்டுப்பாட்டாளர்களுக்குப் பயணிகள் விமானம் வருவது தெரியாது. ஒரே வானத்தில் இரண்டு அரசாங்கங்கள் நடந்தன என்றே சொல்லலாம். ஏறத்தாழ ஒரு மாதம் கழித்து, மே 20 அன்று, மேரிலாந்தில் ராணுவப் பயிற்சி ஜெட் ஒன்று கேப்பிடல் ஏர்லைன்ஸ் விமானத்தில் மோதியது. மறுநாளே ஓக்லஹோமா செனட்டர் மைக் மன்ரோனி புதிய சட்ட முன்வரைவைத் தாக்கல் செய்தார். ஆகஸ்ட் 23 அன்று அதிபர் ஐசனோவர் அதில் கையெழுத்திட்டார். மூன்று மாதங்களில் ஒரு பெரிய அமைப்பு பிறந்துவிட்டது. அமெரிக்க காங்கிரஸின் வேகத்தை அறிந்தவர்களுக்கு இது எவ்வளவு அபூர்வம் என்று தெரியும்.

சட்டம் ஏன் சிவிலியன்தான் வேண்டும் என்றது?

புதிய சட்டம் அதுவரை யாருக்கும் கொடுக்காத ஒன்றை எஃப்.ஏ.ஏ. தலைவருக்குக் கொடுத்தது. நாட்டின் வான்வெளி முழுவதும், ராணுவ விமானங்கள் பறப்பது உட்பட, ஒரே கையின் கீழ் வந்தது. அதுவரை வணிகத் துறையின் கீழ் இருந்த சிவில் ஏரோநாட்டிக்ஸ் நிர்வாகம் ஒரு பக்கம். தனக்கென்று பரந்த வான்பகுதிகளைப் பூட்டி வைத்திருந்த ராணுவம் இன்னொரு பக்கம். திசைகாட்டும் கருவிகளிலேகூட இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. சிவில் தரப்புக்கு ஒரு முறை, ராணுவத்துக்கு 'டாகான்' என்று வேறொரு முறை. பல ஆண்டுச் சண்டைக்குப் பிறகு 1956இல்தான் இரண்டையும் இணைத்து ஒரு சமரசம் கண்டார்கள்.

இந்த நிலையில் எல்லா அதிகாரத்தையும் ஒரே இடத்தில் குவித்துவிட்டு, அங்கே ஒரு ராணுவ அதிகாரியை உட்கார வைத்தால், சிவில் வானத்தை ராணுவம் விழுங்கிவிடும் என்று விமான நிறுவனங்களும் சிறு விமான உரிமையாளர்களும் பயந்தார்கள். பயத்தில் நியாயம் இருந்தது. பென்டகன் கேட்டால் தட்ட முடியாதவர் அந்த நாற்காலியில் இருந்தால் சட்டமே வீண்.

கெசாடா 1951லேயே ஓய்வு பெற்றுவிட்டாரே? பிறகு எதை ராஜினாமா செய்தார்?

பலரும் குழம்பும் இடம் இது. அமெரிக்காவில் நிரந்தரப் படைப்பிரிவு அதிகாரி ஓய்வு பெற்றாலும் படையிலிருந்து முழுமையாக வெளியேறிவிடுவதில்லை. அவர் பெயர் ஓய்வுபெற்றோர் பட்டியலில் இருக்கும், படைத்தகுதி தொடரும், தேவைப்பட்டால் திரும்ப அழைக்கலாம், ஓய்வூதியம் வாங்கிக்கொண்டிருக்கும்வரை ராணுவக் குற்றச் சட்டமும் அவருக்குப் பொருந்தும். ஆகவே சட்டத்தின் பார்வையில் ஓய்வுபெற்ற அதிகாரி வேறு, முன்னாள் அதிகாரி வேறு. முதல் வகையினர் இன்னும் பாதி உள்ளே இருப்பவர்கள். பதவியையே ராஜினாமா செய்தவர்தான் இரண்டாம் வகை.

கெசாடா முதல் வகையிலிருந்து இரண்டாம் வகைக்குப் போனார். 27 ஆண்டு சேவைக்குக் கிடைத்த தகுதியை எழுதிக் கொடுத்துவிட்டு, 1958 நவம்பர் 1 அன்று எஃப்.ஏ.ஏ.வின் முதல் நிர்வாகியாகப் பொறுப்பேற்றார். அமைப்பு முழுமையாக இயங்கத் தொடங்கியது அந்த ஆண்டின் கடைசி நாளில்.

இதை வெறும் சம்பிரதாயம் என்று சிலர் எழுதியிருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பழைய சகாக்கள் தொலைபேசியில் கூப்பிட்டு "பீட், இந்தப் பகுதியை எங்களுக்கு விட்டுவிடு" என்று கேட்கப்போவது நிச்சயம். அப்போது அவர்களுடைய பட்டியலில் பெயர் இல்லாத ஒருவரால் மறுத்துப் பேசுவது கொஞ்சமாவது எளிது.

ஐசனோவரின் நண்பர் என்பதால் கிடைத்த பதவியா?

நட்பு இருந்தது உண்மை. 1944 ஜூலை 4 அன்று, இரண்டு பேர் உட்காரும்படி மாற்றிய பி-51 போர் விமானத்தில் ஐசனோவரைப் பின்னால் ஏற்றிக்கொண்டு நார்மண்டிப் போர்முனைக்கு மேலே பறந்து காட்டியவர் கெசாடா. உச்சத் தளபதியை எதிரி வானுக்கு அழைத்துப்போவது எவ்வளவு பொறுப்பற்ற செயல் என்று இருவருக்குமே தெரிந்திருக்கும். அப்படிப்பட்ட நினைவுகள் உள்ள இருவருக்கிடையே பிறகு நேர்காணல் எதற்கு?

ஆனால் அவர் நேராக இந்தப் பதவிக்கு வரவில்லை. 1957லேயே விமானப் போக்குவரத்து குறித்த அதிபரின் சிறப்பு ஆலோசகராக வெள்ளை மாளிகைக்கு வந்துவிட்டார். அந்த ஆண்டு உருவான வான்வழி நவீனமயமாக்கல் வாரியத்துக்கும் அவரே தலைவர். தலைநகருக்கு இரண்டாவது விமான நிலையம் எங்கே வேண்டும் என்று ஆண்டுக்கணக்கில் நடந்த இழுபறியில், வர்ஜீனியாவின் ஷான்டிலியைப் பரிந்துரைத்தவர் அவர்தான். இன்றைய டல்லஸ் விமான நிலையம் நிற்பது அங்கேதான். சட்டம் வந்தபோது அந்த வேலையின் உள்ளும் புறமும் தெரிந்த ஆள் அவர் ஒருவரே என்பது மிகையல்ல.

போர்க்கள அனுபவம் சிவில் வேலைக்கு எப்படிப் பொருந்தும்?

பலரும் நினைப்பதைவிட அதிகமாகவே பொருந்தியது. நார்மண்டியில் கெசாடா செய்த பெரிய காரியம் குண்டு போடுவதில் இல்லை. பேச வைப்பதில் இருந்தது. தரையில் டாங்குகள், மேலே போர் விமானங்கள். இரண்டுக்கும் ஒரே மொழியில் வானொலி கிடையாது. தலைமையகம் வழியாகச் செய்தி போய்வருவதற்குள் எதிரி நகர்ந்துவிடுவான். கெசாடா விமான வானொலிப் பெட்டியை டாங்குக்குள் வைத்து, அதில் ஒரு விமானியையும் ஏற்றினார். டாங்குக்குள் இருப்பவர் மேலே பறப்பவரிடம் நேரடியாகப் பேசினார். 1944 ஜூலையில் அமெரிக்கப் படை நார்மண்டி முற்றுகையை உடைத்து வெளியேறியபோது இந்த ஏற்பாடு பெரிதும் கைகொடுத்தது.

இன்னொன்று ரேடார். எதிரி வருவதை முன்கூட்டியே அறியச் செய்யப்பட்ட பெரிய ரேடாரை, சொந்த விமானங்களை இலக்குக்கு வழிநடத்தவும் திருப்பி அழைத்துவரவும் அவர் படை பயன்படுத்தியது. தரையில் திரைமுன் உட்கார்ந்திருப்பவர், மேகத்துக்குள் இருக்கும் விமானிக்கு "வலப்பக்கம் திரும்பு" என்று சொல்கிறார். பதினான்கு ஆண்டுகள் கழித்து சிவில் வானத்துக்கு வேண்டியிருந்ததும் இதுதான். கிராண்ட் கேன்யனில் கட்டுப்பாட்டாளருக்குத் தகவல் இருந்தது, விமானிக்குப் போய்ச் சேரவில்லை. லாஸ் வேகாஸில் இரண்டு தரப்பும் தனித்தனி அலைவரிசையில் பேசிக்கொண்டிருந்தன. டாங்கும் விமானமும் பேசாத அதே கதை.

காலமும் நெருக்கியது. அவர் பொறுப்பேற்பதற்கு ஆறு நாட்களுக்கு முன்தான், அக்டோபர் 26 அன்று, பான் அமெரிக்கன் நிறுவனம் போயிங் 707 ஜெட்டில் நியூயார்க்கிலிருந்து பாரிஸுக்குச் சேவையைத் தொடங்கியிருந்தது. விசிறி விமானங்களுக்கு வகுத்த விதிகள் ஜெட் வேகத்துக்குப் பழையனவாகிவிட்டன.

பதவிக்கு வந்த பிறகு ராணுவத்துக்குச் சாதகமாக நடந்தாரா?

இல்லை என்பதே என் வாசிப்பு. முழுக்க எதிராகவும் நடக்கவில்லை. ராணுவம் தனக்கென ஒதுக்கி வைத்திருந்த வான்பகுதிகளுக்கு இனி சிவில் அமைப்பின் அனுமதி வேண்டும் என்ற நிலையை நடைமுறைக்குக் கொண்டுவந்தவர் அவர். அதே சமயம் 1960 செப்டம்பரில் அமெரிக்கா-கனடா கூட்டு வான்பாதுகாப்புப் படை 'ஸ்கை ஷீல்டு' என்ற பயிற்சியை நடத்தியபோது, ஏறத்தாழ ஆறு மணி நேரம் அமெரிக்காவிலும் கனடாவிலும் சிவில் விமானங்கள் அனைத்தும் தரையிலேயே நின்றன. ராணுவம் தானாக வானத்தை மூடும் காலம் போய், சிவில் அமைப்போடு திட்டமிட்டு மூடும் காலம் வந்திருந்தது. மாற்றம் இதில்தான்.

ஒரு சிவிலியன் வழக்கறிஞர் அதே நாற்காலியில் இருந்து அதே கட்டுப்பாடுகளைக் கேட்டிருந்தால், "உங்களுக்குப் பாதுகாப்பு விவகாரம் புரியாது" என்று ஜெனரல்கள் ஒரே வரியில் முடித்திருப்பார்கள். கெசாடாவிடம் அப்படிச் சொல்ல யாருக்கும் வாய் வராது. ராணுவத்திடமிருந்து வானத்தை வாங்க ராணுவத்தின் மொழி தெரிந்தவர் தேவைப்பட்டார். சட்டம் அஞ்சியது எதுவோ அதுவே வேலைக்கு உதவியது.

அப்படியானால் அவருக்கு எதிரிகளே இல்லையா?

நிறைய. ஆனால் எதிர்ப்பு பென்டகனிலிருந்து வரவில்லை. விமானி அறையிலிருந்து வந்தது.

கெசாடா ஆய்வாளர்களைப் பயணிகள் விமானங்களின் விமானி அறைக்குள் அனுப்பினார். விமானி தன் இருக்கையை விட்டு எழுந்து பயணிகளோடு பேசிக்கொண்டிருந்தால் அபராதம். அதுவரை விமான நிறுவனங்களோடு நட்பாகப் பேசி முடித்துக்கொள்ளும் பழக்கம் இருந்தது. இவர் வந்ததும் விதி மீறினால் உடனே தண்டனை. முப்பதாயிரம் மணி நேரம் பறந்த மூத்த விமானிகளைப் பயிற்சிக்கு வந்த சிப்பாய்களைப் போல நடத்துகிறார் என்று விமானிகள் சங்கம் கொதித்தது. சங்கத் தலைவர் கிளாரன்ஸ் சேயனுக்கும் அவருக்கும் பகிரங்கமாகவே மோதல். 1960இல், ஆய்வாளர் எந்த இருக்கையில் உட்காருவது என்ற சண்டையில் விமானிகள் வேலைக்கு வராமல் இருந்த நாட்களும் உண்டு.

சீருடையைக் கழற்றினாலும் குரல் மாறவில்லை என்று அவருடைய விமர்சகர்கள் சொன்னதில் உண்மை இருக்கிறது. ராணுவத்தில் உத்தரவு போட்டால் காரியம் நடக்கும். சிவில் வேலையில் உத்தரவு போட்டால் வழக்கு வரும், செய்தியாளர் கூட்டம் வரும், செனட் விசாரணை வரும். இந்த வேறுபாட்டை அவர் அறியாதவர் அல்லர், அறிந்தும் பொருட்படுத்தவில்லை.

60 வயது விதியைக் கொண்டுவந்தது இவர்தானா?

ஆம். பயணிகள் விமானங்களை ஓட்டும் விமானிகள் 60 வயதில் ஓய்வு பெற வேண்டும் என்ற விதியை 1959 டிசம்பரில் வெளியிட்டார். 1960 மார்ச்சில் அது நடைமுறைக்கு வந்தது. வயது கூடக்கூடத் திடீரென மாரடைப்பு போன்றவை வரும் வாய்ப்பு கூடுகிறது, யாருக்கு எப்போது வரும் என்று மருத்துவப் பரிசோதனையால் முன்கூட்டிச் சொல்ல முடியாது என்பது அவர் வாதம். விமானிகள் சங்கம் நீதிமன்றம் போனது. மேல்முறையீட்டு நீதிமன்றம் விதியை உறுதிசெய்தது.

கதையின் அழகில்லாத பக்கமும் உண்டு. ஜெட் விமானங்களுக்கு மூத்த விமானிகளைப் பழக்குவது செலவு என்று கருதிய அமெரிக்கன் ஏர்லைன்ஸ் தலைவர் சி.ஆர். ஸ்மித், விதி வருவதற்குப் பல மாதங்கள் முன்பே இது குறித்துக் கெசாடாவுக்குக் கடிதம் எழுதியிருந்தார். போர்க்காலத்தில் ஸ்மித்தும் விமானப் போக்குவரத்துப் படையில் ஜெனரல். கெசாடா எஃப்.ஏ.ஏ.வை விட்டு விலகியதும், 1961இல், அதே நிறுவனத்தின் இயக்குநர் குழுவில் சேர்ந்தார். இதில் சட்ட மீறல் எதுவும் நிரூபிக்கப்படவில்லை. ஆனால் விமானிகள் இதை அரை நூற்றாண்டு மறக்கவில்லை. மறக்கச் சொல்லவும் முடியாது. விதி 2007 டிசம்பர் வரை நீடித்தது. பிறகு வரம்பு 65 ஆனது.

எலெக்ட்ரா விவகாரம் என்ன?

லாக்ஹீட் எலெக்ட்ரா அப்போது புதிய விமானம். 1959 செப்டம்பரில் டெக்சாஸில் ஒன்று வானிலேயே சிதறி 34 பேர் இறந்தார்கள். 1960 மார்ச்சில் இந்தியானாவில் இன்னொன்று சிதறி 63 பேர் இறந்தார்கள். இரண்டிலும் இறக்கை பிய்ந்திருந்தது. எல்லா எலெக்ட்ராக்களையும் தரையில் நிறுத்து என்ற குரல் எழுந்தது. கெசாடா நிறுத்தவில்லை, உயர்ந்தபட்ச வேகத்தை முதலில் 275 நாட்டாகவும் (ஒரு நாட் என்பது மணிக்கு சுமார் 1.85 கிலோமீட்டர்), சில நாட்களில் 225 நாட்டாகவும் குறைத்தார், தீவிரச் சோதனைகளுக்கு உத்தரவிட்டார்.

லாக்ஹீட்டின் முன்னாள் துணைத் தலைவர் லாக்ஹீட் விமானத்தைக் காப்பாற்றுகிறார் என்று பேச்சு எழாமல் இருக்குமா? எழுந்தது. விசாரணையில், சேதமடைந்த இயந்திரத் தாங்கியில் தொடங்கும் சுழல் அதிர்வு, இறக்கையின் இயல்பான அதிர்வோடு ஒத்திசைந்து சில விநாடிகளில் அதைப் பிய்த்துவிடுகிறது என்று கண்டுபிடித்தார்கள். குறைந்த வேகத்தில் அந்த ஆபத்து எழாது. லாக்ஹீட் தன் செலவில் எல்லா விமானங்களையும் மாற்றியமைத்த பிறகு, 1961 ஜனவரியில் கட்டுப்பாடு விலகியது. அதற்குப் பின் எலெக்ட்ரா இந்தக் காரணத்தால் விழவில்லை. அதன் உடலமைப்பில் பிறந்த பி-3 ஒரையன் கடற்படை விமானங்கள் பல பத்தாண்டுகள் பறந்தன.

பொறியியல் அவர் பக்கம் இருந்தது. இருந்தாலும் அந்த முடிவை எடுக்க வேண்டிய ஆள் அவர் அல்ல என்பதே என் கருத்து. பதவிக்கு வரும்போது ராணுவத் தொடர்பை அறுக்கச் சொன்ன சட்டம், தொழில் நிறுவனத் தொடர்பை அவ்வளவு கடுமையாகப் பார்க்கவில்லை. அன்றைய பயம் ஜெனரல்களைப் பற்றியது; கம்பெனிகளைப் பற்றியது அல்ல.

எப்போது விலகினார்? ஏன்?

1961 ஜனவரியில், ஐசனோவரோடு. கென்னடி ஆட்சிக்கு வந்ததும் நஜீப் ஹலாபி அந்த இடத்துக்கு வந்தார். இவர் சோதனை விமானியாகவும் வழக்கறிஞராகவும் இருந்தவர்.

கெசாடாவின் கடைசி மாதம் கொடுமையாக அமைந்தது. 1960 டிசம்பர் 16 அன்று நியூயார்க் நகருக்கு மேலே யுனைடெட் டிசி-8 ஜெட்டும் டி.டபிள்யூ.ஏ. சூப்பர் கான்ஸ்டலேஷனும் மோதின. தரையில் இருந்த ஆறு பேர் உட்பட 134 பேர் இறந்தார்கள். இந்த முறை இரண்டும் கட்டுப்பாட்டில் இருந்த விமானங்கள். ஜெட்டில் திசைகாட்டும் கருவி ஒன்று பழுதாகியிருந்தது. அதைக் கட்டுப்பாட்டாளருக்குச் சொல்லவில்லை. காத்திருக்க வேண்டிய இடத்தைத் தாண்டி வேகமாக வந்துவிட்டது. விமான நிலையத்தை நெருங்கும்போது வேகத்துக்கு வரம்பு, தூரம் காட்டும் கருவி கட்டாயம் போன்ற விதிகள் இதற்குப் பிறகுதான் வந்தன. அவற்றைக் கொண்டுவந்தது ஹலாபியின் காலம்.

பிறகு என்ன செய்தார்?

பேஸ்பால். பதவியில் இருந்தபோதே, 1960 நவம்பரில், வாஷிங்டனின் புதிய செனட்டர்ஸ் அணிக்கான உரிமை அவர் தலைமையிலான குழுவுக்குக் கிடைத்திருந்தது. அணி தோற்றுக்கொண்டே இருந்தது, 1963இல் விற்றுவிட்டார். தலைநகரின் லான்ஃபான்ட் பிளாசா கட்டடத் திட்டத்திலும் அவர் பெயர் உண்டு. 1993 பிப்ரவரியில் காலமானார்.

அவருக்குப் பின் வேறு விமானப்படை ஜெனரல் யாராவது வந்தார்களா?

வந்தார்கள், ஆனால் வேறு கதவு வழியாக. 1965இல் அதிபர் ஜான்சன், விமானப்படையின் துணைத் தலைமைத் தளபதியாக இருந்து முந்தைய ஆண்டுதான் ஓய்வு பெற்றிருந்த ஜெனரல் வில்லியம் மெக்கீயைத் தேர்ந்தெடுத்தார். மெக்கீ இடையில் சிறிது காலம் நாசாவில் நிர்வாகப் பொறுப்பில் இருந்தார். ஒரு வேடிக்கை: அவர் விமானியே அல்லர். விமானம் ஓட்டத் தெரியாமல் விமானப்படையில் நான்கு நட்சத்திர ஜெனரலான முதல் ஆள் அவர்தான். தளவாடம், கொள்முதல், கணக்கு இவற்றில் புலி. ஒலியைவிட வேகமாகப் பறக்கும் பயணிகள் விமானத் திட்டத்தை நடத்த அப்படிப்பட்டவர்தான் வேண்டும் என்று ஜான்சன் நினைத்தார்.

கெசாடா போல மெக்கீ ராஜினாமா செய்யவில்லை. 1965 ஜூனில் காங்கிரஸ் அவர் ஒருவருக்காகவே தனிச் சட்டம் இயற்றி, ஓய்வுநிலையை விடாமலேயே பதவியேற்க அனுமதித்தது. துணைத் தலைவராக இருந்தவர் டேவிட் தாமஸ், சிவில் விமான நிர்வாகத்திலேயே வளர்ந்தவர். மெக்கீ காலத்தில்தான், 1967 ஏப்ரலில், எஃப்.ஏ.ஏ. தன் தனித்தன்மையை இழந்து புதிய போக்குவரத்துத் துறைக்குள் அடங்கியது. ஒலிமிஞ்சு விமானத்துக்குப் போயிங்கின் வடிவமைப்பைத் தேர்ந்தெடுத்தார்கள். 1971இல் காங்கிரஸ் பணத்தை நிறுத்தியதும் அது காகிதத்திலேயே முடிந்தது.

1992இல் விமானப்படை ஜெனரல் தாமஸ் ரிச்சர்ட்ஸுக்காக இன்னொரு தனிச் சட்டம். 1988இல் ஸ்காட்லாந்தின் லாக்கர்பி ஊருக்கு மேலே பயணிகள் விமானம் ஒன்றில் நடந்த குண்டுவெடிப்புக்குப் பின் அமைந்த விமானப் பாதுகாப்பு ஆணையத்தில் உறுப்பினராக இருந்தவர் அவர். ஏழு மாதங்கள்கூடப் பதவியில் இருக்கவில்லை. இடையில் 1989இல் கடற்படை அட்மிரல் ஜேம்ஸ் பியூசிக்கும் இதே போன்ற விலக்கு தரப்பட்டது. ஆளுக்கொரு சட்டம் இயற்றும் அளவுக்குப் போனால், விதியையே மாற்றிவிடலாமே என்று கேட்கத் தோன்றும். மாற்றாமல் விட்டதில் ஒரு பயன் இருக்கிறது: ஒவ்வொரு முறையும் அந்தக் கேள்வியை அவையில் எழுப்பியே தீர வேண்டும்.

பாதுகாப்புத் துறையின் சிவில் வேலைகளுக்கு ஓய்வுபெற்ற அதிகாரிகள் உடனே சேரலாமா?

ஓய்வு பெற்ற 180 நாட்களுக்குள் அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் சிவில் பணியில் சேர, பொதுவாக விலக்கு வாங்க வேண்டும். 2001 தாக்குதலுக்குப் பிறகு அறிவித்த நெருக்கடி நிலையால் இந்த விதி நீண்ட காலம் உறங்கிக் கிடந்தது. 2016 டிசம்பரில் மீண்டும் எழுப்பினார்கள். அரசு வேலைக்கு வந்த நிரந்தரப் படை அதிகாரிகளின் ஓய்வூதியத்தைக் குறைக்கும் 1964ஆம் ஆண்டு ஏற்பாடு 1999இல் நீங்கியது. பாதுகாப்பு அமைச்சர் பதவிக்கு இன்னும் கடுமை: 1947இல் பத்தாண்டு இடைவெளி கேட்டார்கள், 2008இல் அதை ஏழாகக் குறைத்தார்கள், 2021 இறுதியில் ஜெனரல் நிலை அதிகாரிகளுக்கு மட்டும் மீண்டும் பத்தாக்கினார்கள். ஜார்ஜ் மார்ஷல், ஜேம்ஸ் மேட்டிஸ், லாயிட் ஆஸ்டின் மூவருக்கும் காங்கிரஸ் விலக்கு அளித்தது.

இந்த 'சிவிலியன்' விதி இன்றும் யாரையாவது தடுக்கிறதா?

2023இல் தடுத்தது, அதுவும் ஜெனரல் அல்லாத ஒருவரை. அதிபர் பைடன் எஃப்.ஏ.ஏ. தலைவராக முன்மொழிந்த ஃபில் வாஷிங்டன், அப்போது டென்வர் விமான நிலையத்தின் தலைமை நிர்வாகி. அதற்கு முன் 24 ஆண்டுகள் தரைப்படையில் இருந்து, அதிகாரி அல்லாத வீரர்கள் எட்டும் மிக உயர்ந்த நிலைகளில் ஒன்றில் ஓய்வு பெற்றவர். ஓய்வூதியம் பெறும் ராணுவத்தினர் சிவிலியன் ஆவாரா, தனிச் சட்டம் வேண்டுமா என்று குடியரசுக் கட்சி செனட்டர்கள் பிடித்துக்கொண்டார்கள். வேண்டாம், அவர் சிவிலியன்தான் என்றது அரசுத் தரப்பு. விமானத் துறை அனுபவம் போதாது என்ற குறையும் சேர்ந்துகொண்டது. உண்மையான சண்டை அதுதான் என்று நினைப்பவர்களில் நானும் ஒருவன். பழைய சட்டப் பிரிவு கைக்கு எட்டும் தடியாக இருந்தது, எடுத்துக்கொண்டார்கள். மார்ச் மாதம் அவர் பெயர் விலக்கப்பட்டது. அக்டோபரில் மைக்கேல் விட்டேக்கர் என்ற வழக்கறிஞரை 98 வாக்குகளுடன், ஓர் எதிர்ப்பும் இல்லாமல் செனட் ஏற்றுக்கொண்டது.